காட்டப்பட்டவரும் காசு பார்த்தவரும்

1

பெரிய நிறுவனங்கள் தொடத் தயங்கிய விடயங்களைத் தொட்டுக் காசாக்கிய படங்களை ஆங்கிலத்தில் எக்ஸ்ப்ளாய்டேஷன் சினிமா என்பார்கள். தமிழில் சுரண்டல் சினிமா. காமம், போதை, கொலை, உடற்குறை, தொலைதேசத்துச் சடங்குகள் என்று எதுவும் அதற்குச் சரக்காகும். சொற்பச் செலவு, பெயர் தெரியாத நடிகர்கள், படத்தைவிட அதிகம் பேசும் சுவரொட்டி ஆகியவை அதன் பொது அடையாளங்கள். அவற்றில் பெரும்பகுதி இன்று யாருக்கும் நினைவில் இல்லை. சில படங்கள் நீதிமன்றம் வரை போயின. ஒன்றிரண்டு, எடுத்தவர்களே எதிர்பாராத வகையில், ஆவணக் காப்பகங்களில் இடம்பிடித்தன.

இந்த வரலாற்றின் பெரும்பகுதி இலங்கையின் வன்னியிலுள்ள முள்ளியவளைக்கு வெகு தொலைவில் நடந்தது. ஆனாலும் போரின்போதும் போருக்குப் பின்னும் வன்னி மக்கள் திரையில் காட்டப்பட்ட விதத்தை விளங்கிக்கொள்ள அது உதவும். அமெரிக்கச் சிற்றூர்களில் 1940களில் பழகிய வியாபார முறைகள் சில, பெயர் மாறி, கருவி மாறி, முல்லைத்தீவு வீதிகளுக்கும் வந்து சேர்ந்திருக்கின்றன.

ஐக்கிய அமெரிக்காவில் 1930இல் வகுக்கப்பட்ட திரைப்படத் தயாரிப்பு விதிக்கோவை, 1934 முதல் ஜோசப் பிரீனின் அலுவலகத்தால் கண்டிப்பாக நடைமுறைப்படுத்தப்பட்டது. ஹொலிவூட்டின் பெரிய கலையகங்கள் அதற்குக் கட்டுப்பட்டன. கட்டுப்படாதவர்களுக்கு அந்தக் கட்டுப்பாடே முதலீடாயிற்று. தொழிலுக்குள் 'நாற்பது திருடர்கள்' என்று பெயர் வாங்கிய விநியோகஸ்தர்கள் படச்சுருளைத் தாமே வண்டியில் ஏற்றிக்கொண்டு ஊரூராகப் போனார்கள். ஒரு தியேட்டரைச் சில நாள்களுக்கு வாடகைக்கு எடுப்பார்கள். ஊர் முழுக்க விளம்பரம் ஒட்டுவார்கள். எதிர்ப்பு வலுக்கும் முன் வசூலோடு அடுத்த ஊருக்கு நகர்வார்கள். ஒரே படத்துக்கு இரண்டு வடிவங்கள் கையில் இருக்கும். தணிக்கை கடுமையான ஊரில் வெட்டிய வடிவம் ஓடும், தளர்ந்த ஊரில் முழு வடிவம்.

இப்படங்களின் தொடக்கத்தில் பெரும்பாலும் ஓர் எழுத்து அறிவிப்பு வரும். இந்தத் தீமை நம் பிள்ளைகளை அழிக்கிறது, இதைப் பெற்றோர் அறிய வேண்டும், அதற்காகவே இப்படம் என்று அது சொல்லும். அறிவிப்பு முடிந்ததும், கண்டிக்கப்பட்ட தீமை விலாவாரியாகக் காட்டப்படும். பாடம் என்ற பேரில் வேடிக்கையை விற்கும் இந்த உத்திதான் சுரண்டல் சினிமாவின் முதல் கண்டுபிடிப்பு. இன்றுவரை கைவிடப்படாததும் அதுவே.

இந்த உத்தியை உச்சத்துக்குக் கொண்டுபோனவர் குரோகர் பாப். அவர் தயாரித்து, வில்லியம் போடின் இயக்கிய 'மொம் அன்ட் டாட்' 1945இல் வந்தது. தாய் எதையும் சொல்லித்தராததால் கர்ப்பமாகிவிடும் ஒரு பள்ளி மாணவியின் கதை அது. கதையின் நடுவே உண்மையான பிரசவக் காட்சி செருகப்பட்டிருந்தது. ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனிக் காட்சிகள். யாராவது மயங்கி விழுந்தால் கவனிக்கவென்று வெள்ளுடை அணிந்த தாதியர். படத்தை இடையில் நிறுத்திவிட்டு, 'எலியட் ஃபோர்ப்ஸ்' என்ற சுகாதார அறிஞர் மேடையேறிப் பேசுவார். பேச்சு முடிந்ததும் ஆண்களுக்கு ஒன்றும் பெண்களுக்கு ஒன்றுமாகச் சிறுநூல்கள் விற்பனைக்கு வரும். எலியட் ஃபோர்ப்ஸ் என்று ஒருவர் இருக்கவில்லை. ஒரே நேரத்தில் பல ஊர்களில் பலர் அந்தப் பெயரில் மேடையேறினார்கள். படம் மிகப் பெரிய வசூலைக் கண்டது. 2005இல் அது அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.

டுவெய்ன் எஸ்பரின் கதை இன்னொரு வகை. கஞ்சாவின் தீமையைப் பெற்றோருக்கு எடுத்துச்சொல்ல 1936இல் எடுக்கப்பட்ட ஓர் ஒழுக்கப் படத்தை அவர் வாங்கி, கவர்ச்சியான துண்டுகளைச் செருகி, 'ரீஃபர் மேட்னஸ்' என்று ஓட்டினார். எழுபதுகளில் கஞ்சா மீதான தடையை நீக்கக் கோரியவர்கள் அதே படத்தைப் பல்கலைக்கழகங்களில் நகைச்சுவைப் படமாகத் திரையிட்டார்கள். பயமுறுத்த எடுத்த படத்தைப் பார்த்து ஒரு தலைமுறை வயிறு குலுங்கச் சிரித்தது. எடுத்தவரின் நோக்கம் படத்தின் ஆயுள் முழுவதும் கூட வருவதில்லை.

2

1952இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சினிமாவுக்கும் கருத்துச் சுதந்திரப் பாதுகாப்பு உண்டு என்று தீர்ப்பளித்தது. 1968இல் விதிக்கோவை போய், வயதுத் தரப்படுத்தல் வந்தது. தடை தளரத் தளரச் சுரண்டல் சினிமா புதிய எல்லைகளைத் தேடிற்று. ஹேர்ஷல் கோர்டன் லூயிஸின் 'ப்ளட் ஃபீஸ்ட்' (1963) இரத்தத்தையும் சிதைந்த உடலையும் நேரடியாகக் காட்டி, திறந்தவெளித் திரைகளில் கூட்டம் சேர்த்தது.

1971இல் மெல்வின் வான் பீபிள்ஸ் சொந்த முயற்சியில் எடுத்த 'ஸ்வீட் ஸ்வீட்பாக்' கறுப்பின இளைஞன் ஒருவன் வெள்ளைக் காவலர்களை எதிர்த்துத் தப்பிக்கும் கதை. அதன் வெற்றியைக் கண்ட பெரிய கலையகங்கள் அதேபோன்ற படங்களை வரிசையாக எடுத்துத் தள்ளின. கறுப்பினத்தவரைப் போதை வியாபாரிகளாகவும் தரகர்களாகவும் காட்டிப் பணம் பண்ணுவதை எதிர்த்து 1972இல் கறுப்பின உரிமை அமைப்புகளே போராட்டத்தில் இறங்கின. இரண்டு வகைப் படங்களிலும் துப்பாக்கியும் காமமும் ஒன்றுதான். படம் யாருடைய கையில் இருந்தது, வசூல் எங்கே போனது என்பதில்தான் வேறுபாடு. சுரண்டல் என்பதைக் காட்சிகளை எண்ணிப் பார்த்து மட்டும் அளக்க முடியாது என்பதை அன்றைய விவாதம் தெளிவாக்கியது.

இத்தாலியில் இதே காலத்தில் 'மொண்டோ' என்ற வகை பிறந்தது. ஜாகோபெத்தி, புரொஸ்பெரி, காவரா ஆகியோரின் 'மொண்டோ கானே' (1962) உலகெங்குமுள்ள விசித்திரங்களை ஆவணப்படம் என்ற பெயரில் கோத்துத் தந்தது. உண்மையும் ஏற்பாடும் அதில் கலந்திருந்தன. காலனி ஆட்சி விலகிய ஆபிரிக்காவின் கொலைகளைக் காட்டிய 'ஆஃப்ரிக்கா அடியோ' (1966) இன்னும் கடுமையான கேள்விகளை எழுப்பியது. படக்கருவியின் வசதிக்காக ஒரு கொலை ஏற்பாடு செய்யப்பட்டதா என்ற குற்றச்சாட்டில் ஜாகோபெத்தி விசாரிக்கப்பட்டு, பின்னர் விடுவிக்கப்பட்டார்.

இந்த மரபின் முடிவெல்லை ருஜேரோ தெயோதாத்தோவின் 'கானிபல் ஹொலோகாஸ்ட்' (1980). அமேசன் காட்டுக்குள் போன படப்பிடிப்புக் குழுவொன்று காணாமற்போகிறது; அவர்கள் எடுத்த சுருள்கள் மட்டும் கிடைக்கின்றன. பரபரப்பான காட்சி வேண்டி அக்குழுவினரே பழங்குடிகளின் குடிசைகளை எரித்ததையும் பெண்களை வதைத்ததையும் அச்சுருள்கள் காட்டுகின்றன. ஊடகங்களின் கொடூரத்தைக் கண்டிப்பதாகச் சொன்ன இந்தப் படத்துக்காக விலங்குகள் உண்மையாகவே கொல்லப்பட்டன. உண்மையில் வாழும் பழங்குடிகளின் பெயர்கள் நரமாமிசம் தின்பவர்களின் பெயர்களாகத் திரையில் வந்தன. இத்தாலியில் படம் பறிமுதலானது. நடிகர்களைக் கொன்று எடுத்த படம் என்ற சந்தேகம் எழுந்தபோது, அவர்கள் உயிரோடு இருப்பதை இயக்குநர் நிரூபிக்க வேண்டியதாயிற்று. பிரித்தானியாவில் வீடியோ கசெற் வழியே வீடுகளுக்குள் நுழைந்த இத்தகைய படங்கள் 1984ஆம் ஆண்டின் வீடியோப் பதிவுச் சட்டத்துக்குக் காரணமாயின.

3

இந்தியாவில் தணிக்கைச் சட்டம் 1918இல் பிரித்தானியர் கொண்டுவந்தது; சுதந்திர இந்தியாவின் சட்டம் 1952இல் வந்தது. முன்கூட்டியே தணிக்கை செய்வது சரியா என்று கே. ஏ. அப்பாஸ் தொடுத்த வழக்கில், அது அரசமைப்புக்கு உட்பட்டதே என 1970இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வழக்குக்குக் காரணம் அவருடைய ஆவணப்படத்தில் வந்த பம்பாய்ச் சிவப்பு விளக்குப் பகுதிக் காட்சிகள்.

குரோகர் பாப்பின் உத்தி இந்தியாவிலும் பலித்தது. பி. கே. ஆதர்ஷின் 'குப்த் ஞான்' (1974) பாலியல் கல்வி என்ற பெயரில் வந்து வசூலை வாரியது. மலையாளத்தில் ஐ. வி. சசி இயக்கி, சீமா நடித்த 'அவளுடெ ராவுகள்' (1978) ஒரு பாலியல் தொழிலாளியின் வாழ்க்கையை அக்கறையோடு சொன்ன படம். ஆனால் அது விற்கப்பட்ட முறை வேறு. சட்டை மட்டும் அணிந்த பெண்ணின் சுவரொட்டி கேரள எல்லையைத் தாண்டிப் பரவியது. அதன் பிறகு தமிழ்நாட்டில் 'மலையாளப் படம்' என்றாலே ஒரு தனிப் பொருள் வந்துவிட்டது. பி. சந்திரகுமாரின் 'ஆதிபாபம்' (1988) பைபிள் கதையைத் துணைக்கழைத்து அந்தச் சந்தையை விரிவாக்கியது. 2000இல் சென்னையைச் சேர்ந்த ஷகீலா நடித்த 'கின்னாரத்தும்பிகள்' பெற்ற வெற்றி, பெரிய நட்சத்திரங்களின் படங்களையே கலங்கடித்தது.

இந்த அலையின் அசல் தொழில்நுட்பம் 'பிட்டு'. படம் ஒழுங்காகத் தணிக்கைக்குப் போய் 'ஏ' சான்றிதழ் வாங்கி வரும். தணிக்கை பார்க்காத சில நிமிடத் துண்டுச்சுருள் தனியாக வரும். ஓப்பரேட்டர் அதை உரிய இடத்தில் ஒட்டி ஓட்டுவார். பொலிஸ் வரும் என்று தெரிந்தால் கழற்றி வைத்துவிடுவார். காலைக் காட்சிக்கு வந்தவர்கள் கதையைப் பொறுத்துக்கொண்டு அந்தத் துண்டுக்காகக் காத்திருப்பார்கள். அது வந்து முடிந்ததும் பாதி அரங்கு எழுந்து போய்விடும். துண்டில் வரும் பெண்ணுக்கும் படத்தின் கதைக்கும் பல வேளைகளில் எந்தத் தொடர்பும் இருக்காது. எங்கோ, எதற்காகவோ, யாராலோ எடுக்கப்பட்ட உடல் அது. சுவரொட்டியில் பெயர் இருந்த நடிகைக்குத் தன் படத்தில் என்ன ஒட்டப்பட்டிருக்கிறது என்பதுகூடத் தெரியாதிருக்கும். அவப்பெயர் மட்டும் அவருக்கு வந்து சேரும்.

தமிழில் சில்க் ஸ்மிதாவின் வாழ்க்கை இதன் இன்னொரு பக்கம். 'வண்டிச்சக்கரம்' (1980) படத்தின் பாத்திரப் பெயரே அவருக்கு முன்னொட்டானது. அடுத்த பத்தாண்டில் அவருடைய ஒரு பாட்டு இருந்தால் படம் விலைபோகும் என்ற நிலை இருந்தது. 1996 செப்டெம்பரில் சென்னையில் அவர் இறந்தார். 2011இல் அவருடைய வாழ்க்கையின் சாயலில் வந்த 'தி டேர்ட்டி பிக்சர்' பெரும் வெற்றி பெற்றது. குடும்பத்தின் சம்மதம் பெறப்படவில்லை என்று சகோதரர் சட்ட நடவடிக்கையில் இறங்கினார். உயிரோடிருந்தபோது உடல் விலைபோனது. இறந்த பின் கதையும் விலைபோனது.

சம்மதம் என்ற கேள்வியை இந்தியாவில் உரக்க எழுப்பியவர் பூலான் தேவி. சேகர் கபூரின் 'பண்டிற் குவீன்' (1994) அவர்மீது நடந்த கூட்டுப் பாலியல் வன்முறையைத் திரையில் காட்டிற்று. அப்போது அவர் உயிரோடு, சிறையிலிருந்து வெளிவந்து வாழ்ந்துகொண்டிருந்தார். தன்னைக் கேளாமல் தன் அவமானம் திரையில் மறுபடி நிகழ்த்தப்படுவதை எதிர்த்து அவர் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனார். பின்னர் இழப்பீட்டோடு அந்தப் பிணக்கு முடிந்தது. இன்னொருவர் தொடுத்த வழக்கில், 1996இல் உச்ச நீதிமன்றம் படத்தை வயதுவந்தோருக்கு அனுமதித்தது: அந்தக் காட்சிகள் காமத்தைத் தூண்டுவன அல்ல, அருவருப்பையும் இரக்கத்தையுமே எழுப்புவன என்பது நீதிமன்றத்தின் பார்வை. பார்ப்பவர் மனதில் என்ன எழும் என்று நீதிமன்றம் கேட்டது. காட்டப்பட்டவர் நிலை என்ன என்று அருந்ததி ராய் தன் கட்டுரையில் கேட்டார். தணிக்கையின் சட்டகத்துக்குள் முதற் கேள்விக்கு இடமுண்டு, இரண்டாவதற்கு இல்லை.

4

வன்னி இந்தச் சந்தைக்கு வெளியே இருந்தது. 1990இல் போர் மறுபடி மூண்டபின் மின்சாரம் இல்லை. எரிபொருளும் பற்றறியும் பொருளாதாரத் தடைக்குள் அடங்கின. ஜெனரேற்றரும் டெக்கும் தொலைக்காட்சிப் பெட்டியும் ஓரிடத்தில் சேர்ந்தால் அன்றைக்கு அங்கே படம். விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதியில் தென்னிந்தியப் படங்கள் அவர்களின் தணிக்கைக்கு உட்பட்டன. ஆபாசம் என்று கருதப்பட்ட ஆடல்பாடல்கள் வெட்டப்பட்டன. உடலைக் காட்டிப் பிழைத்த சினிமாவுக்கு அங்கே வழி அடைபட்டிருந்தது.

ஆனால் வேறொரு உடல் அங்கே காட்டப்பட்டது. புலிகளின் ஒளிப்பதிவுப் பிரிவான 'நிதர்சனம்' களத்தில் எடுத்த காட்சிகளைத் தொகுத்து ஊர்களில் காட்டியது. புலம்பெயர்ந்தோரிடமும் அவை போயின. சண்டைக்குப் போகும் பிள்ளைகளின் கடைசிச் சிரிப்பும், எதிரியின் பிணங்களும், மாண்ட போராளிகளின் வித்துடல் ஊர்வலமும் அவற்றில் இடம்பெற்றன. ஆட்சேர்ப்புக்கும் நிதி திரட்டலுக்கும் அவை துணைநின்றன. படக்கருவியைப் பிடித்தவர்களும் பலவேளை களத்திலேயே மாண்டார்கள். அதனால் இதை மொண்டோப் படங்களோடு ஒரே தட்டில் வைக்க முடியாது. எனினும் சாவைப் பார்க்கத் தந்து, பார்ப்பவரிடமிருந்து எதையோ கேட்கும் தொழில் இதிலும் நடந்தது என்பதை மறைப்பதற்கில்லை. போர்நிறுத்த காலத்தில் ஜோன் மகேந்திரன் வன்னிக்கு வந்து எடுத்த 'ஆணிவேர்' (2006), சம்பவங்கள் நடந்த மண்ணிலேயே படமாக்கப்பட்டது என்ற வகையில் வெளியார் படங்களுள் விதிவிலக்கு.

வெளியிலிருந்து வன்னியைப் படமாக்கியவர்கள் பெரும்பாலும் வன்னிக்கு வரவில்லை. மணிரத்னத்தின் 'கன்னத்தில் முத்தமிட்டால்' (2002) கதை மாங்குளத்தில் நடக்கிறது, படமாக்கப்பட்டது இந்தியாவில். சந்தோஷ் சிவனின் 'தீவிரவாதி' (1998) தற்கொலைக் குண்டுதாரியாகத் தெரிவாகும் பெண்ணொருத்தியின் முகத்தை அருகில் வைத்துப் பார்த்து, உலகத் திரைப்பட விழாக்களில் பேர்பெற்றது. துஷார பீரிஸின் 'பிரபாகரன்' (2008) சிறுவர் ஆட்சேர்ப்பைக் கருவாகக் கொண்ட சிங்களப் படம். அதன் தமிழ் வடிவ வேலைக்காகச் சென்னைக்கு வந்த இயக்குநர் தாக்கப்பட்டார். சந்தோஷ் சிவனின் 'இனம்' 2014 மார்ச் 28இல் வெளியாகி, தமிழ்நாட்டு எதிர்ப்பால் சில நாள்களிலேயே அரங்குகளிலிருந்து எடுக்கப்பட்டது. 2021இல் 'த ஃபமிலி மேன்' தொடரின் இரண்டாம் பாகத்தில் முன்னாள் பெண் போராளியாக நடித்த சமந்தாவின் முகத்தில் கறுப்புச்சாயம் பூசப்பட்டிருந்தது. தொடரைத் தடுக்கும்படி தமிழ்நாட்டு அரசு ஒன்றிய அரசுக்குக் கடிதம் எழுதியது. இந்தச் சண்டைகள் எல்லாம் சென்னையிலும் மும்பையிலும் டெல்லியிலும் நடந்தவை. படம் ஓட வேண்டும் என்றவர்களும் கூடாது என்றவர்களும் வன்னியின் பேரால் பேசினார்கள். அப்போது முள்ளியவளையில் ஓர் அகதி முகாமிலிருந்து திரும்பி வந்து, கூரையில்லாத வீட்டைத் துப்புரவாக்கிக்கொண்டிருந்தவரிடம் யாரும் அபிப்பிராயம் கேட்கவில்லை.

5

2009 மே 18இல் முள்ளிவாய்க்காலில் போர் முடிந்தது. அதன் கடைசி மாதங்களின் மிகக் கொடிய காட்சிகளை எடுத்தது எந்தத் திரைப்படக் குழுவும் அல்ல. வென்றவர்கள் தம் கைத்தொலைபேசிகளில் வெற்றிச் சின்னங்களாக எடுத்தவை அவை. 2009 ஓகஸ்டில் சனல் 4 அவற்றில் ஒன்றை ஒளிபரப்பியது. போலி என்று இலங்கை அரசாங்கம் மறுத்தது. ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் அல்ஸ்டன், 2010 ஜனவரியில், நிபுணர் ஆய்வுகள் அதன் உண்மைத்தன்மையையே காட்டுகின்றன என்றார். 2011 ஜூனில் 'இலங்கையின் கொலைக்களங்கள்' ஆவணப்படம் வந்தது. 2013இல் கலம் மக்ரேயின் 'நோ ஃபயர் சோன்'.

இங்கே சுரண்டல் சினிமாவின் வரலாறு தலைகீழாகிறது. மொண்டோக்காரர்கள் நடிப்பை உண்மை என்று விற்றார்கள். வன்னியில் உண்மை நடிப்பு என்று தள்ளப்பட்டது. தெயோதாத்தோ தன் நடிகர்கள் சாகவில்லை என்று காட்டி வழக்கிலிருந்து தப்பினார். முல்லைத்தீவில் 2017 மார்ச் முதல் வீதியோரம் அமர்ந்திருக்கும் காணாமலாக்கப்பட்டோரின் உறவுகளுக்கோ, பிள்ளைக்கு என்ன நடந்தது என்பதைக் காட்டும் ஒரு சான்று கிடைக்காதா என்பதே கேள்வி. வெளியான காணொளிகளிலும் படங்களிலும் தம் பிள்ளையின் முகத்தைத் தேடிய பெற்றோர் உண்டு. உலகத்துக்கு அதிர்ச்சியாக இருந்த காட்சி அவர்களுக்கு ஆவணம். ஒரே சுருள் ஒருவருக்கு வேடிக்கையாகவும் இன்னொருவருக்குச் சாட்சியமாகவும் இருக்கலாம் என்பதால், 'இதைக் காட்டவே கூடாது' என்ற எளிய விதி இங்கே செல்லாது.

அந்தக் காணொளிகளில் அடையாளம் காணப்பட்டவர்களுள் ஒருவர், புலிகளின் தொலைக்காட்சியில் செய்தி வாசித்த இசைப்பிரியா. அவருடைய கதையை வைத்து கு. கணேசன் 'போர்க்களத்தில் ஒரு பூ' என்ற படத்தை எடுத்தார். 2015இல் இந்தியத் தணிக்கை வாரியம் அதற்குச் சான்றிதழ் மறுத்தது. இயக்குநர் தரப்பு இதைத் தமிழரின் குரலை நசுக்கும் அரசியலாகக் கண்டது. ஆனால் இசைப்பிரியாவின் குடும்பத்தினரே படத்தைத் தடுக்கக் கோரிச் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினார்கள். தணிக்கைக்கு எதிராக நிற்பதா, குடும்பத்தின் பக்கம் நிற்பதா என்ற சங்கடத்தைப் படத்துக்காகக் குரல் கொடுத்தவர்கள் அதிகம் பேசவில்லை. பூலான் தேவியும் சில்க் ஸ்மிதாவின் சகோதரரும் கேட்ட அதே கேள்வி, இம்முறை தமிழினத்தின் நீதிக்காகப் பேசுவதாகச் சொன்ன ஒரு படத்தின் முன் வைக்கப்பட்டது. நோக்கம் நல்லதாக இருப்பது அதற்கு விடையாகாது. சுரண்டல் படங்கள் எல்லாமே நல்ல நோக்கத்தை அறிவித்துக்கொண்டுதான் தொடங்கின.

திரைக்கு வெளியிலும் இதே காட்சிப்படுத்தல் நடந்தது. ஏ9 வீதி திறந்தபின் தெற்கிலிருந்து பஸ் பஸ்ஸாகச் சனம் வந்தது. புதுக்குடியிருப்புப் பகுதியில் பிரபாகரனின் நிலக்கீழ் வதிவிடம், கடற்புலிகளின் நீச்சல் தடாகம், முல்லைத்தீவுக் கடற்கரையில் துருப்பிடித்துக் கிடந்த ஃபாரா 3 என்ற ஜோர்தான் கப்பல் ஆகியவை பார்வையிடும் இடங்களாயின. இராணுவம் அறிவிப்புப் பலகைகள் வைத்தது. அரிசி ஏற்றிவந்து 2006 டிசெம்பரில் கரைதட்டிய அந்தக் கப்பலின் முன் குடும்பம் குடும்பமாக நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். நிலக்கீழ் வதிவிடத்தை இராணுவமே 2013 ஒக்டோபரில் தகர்த்தது. அந்த வீதியோரங்களில் மீள்குடியேறியவர்கள் தறப்பாளுக்கும் தகரத்துக்கும் கீழே இருந்தார்கள். ஊரே காட்சியாகிவிட்டபின் ஊர்ச்சனம் அதன் பின்னணி ஆகிவிடுகிறது.

அண்மை ஆண்டுகளில் யூரியூப் இதை வீட்டு முற்றத்துக்குக் கொண்டுவந்தது. கனடாவிலும் சுவிஸிலும் இருந்து நன்கொடை திரட்டும் 'உதவிக் காணொளிகள்' வன்னியில் ஒரு தொழிலாக வளர்ந்துள்ளன. அவற்றின் அமைப்பு ஏறத்தாழ ஒன்றுதான். படக்கருவி படலையைத் திறந்துகொண்டு போகும். தகரக் கொட்டிலும், கிழிந்த பாயும், அடுப்படியும் காட்டப்படும். "எத்தினை பேர் அம்மா வீட்டில?" "நானும் மூண்டு பிள்ளையளும்." "அவர் எங்க?" அந்தக் கேள்வியில் அம்மாவின் குரல் உடையும்; படக்கருவி முகத்துக்குக் கிட்டப் போகும். பிள்ளைகளிடம் காலையில் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்கப்படும். பிறகு அரிசி மூட்டையும் மா பைக்கற்றும் காசும் கைமாறும். கொடுத்தவரின் பெயரும் நாடும் சொல்லப்படும். காணொளியின் தலைப்பில் கண்ணீர் இருக்கும், ஓர் அதிர்ச்சியும் இருக்கும்.

குரோகர் பாப்பின் இடைவேளையோடு இதைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். உண்மையான பிரச்சினை, நல்ல காரணம், உருக்கமான காட்சி, அதன் முடிவில் பணம். 'மொம் அன்ட் டாட்' பார்த்த பெண்கள் சிலருக்கு உடலைப் பற்றிய முதல் அறிவு அங்கேதான் கிடைத்திருக்கும். அதுபோலவே இந்தக் காணொளியால் அன்றைக்கு அந்த வீட்டில் அடுப்பு எரிகிறது. சுரண்டலை அடையாளம் காண்பது கடினமாவது இதனால்தான்: அது எப்போதும் ஒரு பயனோடு கலந்தே வருகிறது. ஆனால் அரிசி மூட்டைக்கு முன் நிற்கும் தாய்க்கு, முகத்தைக் காட்டாதே என்று சொல்லும் வசதி இல்லை. சொன்னால் மூட்டை வராது. அந்தச் சம்மதத்தைச் சம்மதம் என்று எழுதிவிட முடியாது. பத்து ஆண்டுகளுக்குப் பின் அந்தப் பிள்ளை வேலை தேடும்போதும் கலியாணம் பேசும்போதும் அந்தக் காணொளி இணையத்தில் இருக்கும்.

6

சுரண்டல் சினிமாவின் மரபுக்கு இரண்டு கணக்குகள் உண்டு. வரவுப் பக்கத்தில், அது தணிக்கையின் எல்லையைத் தள்ளித் தள்ளிப் பின்வந்த கலைஞர்களுக்கு இடம் பிடித்துத் தந்தது, பேசப்படாதவற்றைப் பேசவைத்தது, சொற்பப் பணத்தில் படம் எடுக்கலாம் என்று காட்டியது. திகில் படத்தின் இலக்கணம் பலவும், கண்டெடுத்த சுருள் என்ற கதைமுறையும் அங்கிருந்து வந்தவை. பழைய சுருள்களைத் தேடி மீட்டவர்கள், ஒரு காலத்தின் பயங்களையும் ஆசைகளையும் பற்றி ஒழுக்கமான படங்கள் சொல்லாத செய்திகளை அவற்றில் கண்டார்கள். 2007இல் டரன்டினோவும் ரொட்ரிகெஸும் 'கிரைண்ட்ஹவுஸ்' என்று அந்தக் கீறல் விழுந்த சுருள்களுக்கே மரியாதை செலுத்தினார்கள்.

செலவுப் பக்கத்தில் இருப்பவர்களுக்குப் பெரும்பாலும் பெயர் இல்லை: பிரசவக் காட்சியின் தாய், பிட்டுத் துண்டின் பெண், அமேசன் பழங்குடிகள், கைத்தொலைபேசிக் காணொளியில் கண் கட்டப்பட்டு இருப்பவர்கள், அரிசி மூட்டைக்கு முன் நிற்பவர்கள். மீட்டெடுத்த படங்களைக் கொண்டாடும் எழுத்துகளில் இயக்குநரின் துணிச்சலுக்கு வரும் வரிகள் இவர்களுக்கு வருவதில்லை. தணிக்கையும் இவர்களைக் காக்கவில்லை. அது பார்ப்பவரின் ஒழுக்கத்தையோ அரசின் நற்பெயரையோ காப்பதற்காக உண்டானது. அதனால்தான் 'போர்க்களத்தில் ஒரு பூ'வைத் தடுத்த அதே வாரியத்தின் தீர்ப்பைக் கொண்டு, அந்தக் குடும்பத்தின் கேள்விக்கு நியாயம் கிடைத்துவிட்டதாகச் சொல்ல முடியாது.

பயங்கரத்தைக் காட்டுவதே குற்றம் என்ற முடிவுக்கும் இங்கிருந்து போக வேண்டியதில்லை. முள்ளியவளையும் வற்றாப்பளையும் சேர்ந்த இந்தச் சுற்றுவட்டாரம், முல்லைமோடி என்ற தனிப் பாணியில் கோவலன் கூத்தை ஆடிவந்த மண். அநியாயமாகக் கொலையுண்ட கணவன், அரசனின் முன் தலைவிரி கோலமாக நிற்கும் பெண், எரியும் நகரம் என்று அந்தக் கூத்தின் பொருள் முழுவதும் வன்முறையும் அவமானமும்தான். ஒரு சுரண்டல் பட வியாபாரி ஆசைப்படக்கூடிய எல்லாமே அதில் இருக்கிறது. ஆனால் ஆடுபவரும் பார்ப்பவரும் ஒரே ஊரார். எந்தப் பெண்ணின் துயரம் காட்டப்படுகிறதோ, அவள் வற்றாப்பளையில் அவர்களின் தெய்வம். வைகாசி விசாகப் பொங்கலுக்கு அவர்கள் நேர்த்தி கொண்டு போவது அவளிடம். அவளைக் குறைத்துக் காட்டிவிட்டு, கூத்தைப் பழக்கும் அண்ணாவியார் ஒருவர் அந்த ஊரில் தலை நிமிர்ந்து நடக்க முடியாது. காட்டப்படுகிறவருக்கு அந்தக் கூத்துக் களரியில் அதிகாரம் இருக்கிறது.

சினிமாவுக்கு அப்படியொரு களரி இல்லை. அது இயல்பிலேயே ஓரிடத்தில் எடுத்து வேறிடத்தில் விற்கும் கலை. அந்தத் தூரத்தை ஒழிக்க முடியாது, கணக்கில் எடுக்க மட்டும் முடியும். யாரைக் கேட்டு எடுக்கப்பட்டது, மறுப்பதற்கு அவரிடம் உண்மையில் வழி இருந்ததா, வரும்படி எங்கே போனது, எடுத்ததை அவர் முன்னிலையில் அவருடைய ஊரிலேயே போட்டுக் காட்ட முடியுமா? இந்தக் கேள்விகளுக்கு விடை சொல்லக்கூடிய படம் எவ்வளவு கொடூரத்தைக் காட்டினாலும் சாட்சியமாக நிற்கும். விடை சொல்ல முடியாத படம், விருது வாங்கியிருந்தாலும், தடைசெய்யப்பட்டுத் தியாகிப் பட்டம் பெற்றிருந்தாலும், இனத்தின் பேரால் எடுக்கப்பட்டிருந்தாலும், நாற்பது திருடர்களின் வரிசையில்தான் சேரும்.